பொம்மைக்கு உள்ளே இருக்கும் கோடு

நான் படித்த படிப்பு இப்போது கிடையாது. எம்.ஃபில். என்பதையே எடுத்துவிட்டார்கள். எங்கள் கௌரவ விரிவுரையாளர் சங்க மலருக்கு ஓய்வு பெற்றவர்கள் யாராவது எழுத வேண்டும் என்று கேட்டு வந்த இளம் விரிவுரையாளர், என் வீட்டுச் சுவரில் மாட்டியிருக்கும் சான்றிதழைப் பார்த்துவிட்டு, "இதுதான் இப்ப இல்லையே மேடம், இன்னுமா மாட்டி வச்சிருக்கீங்க?" என்றார். கெட்ட எண்ணத்தில் கேட்கவில்லை. அவர் போன பிறகு கழற்றிவிடலாமா என்று யோசித்தேன். கழற்றினால் சுவரில் வெளுப்பாக ஒரு கட்டம் தெரியும், வருகிறவர்கள் அங்கே என்ன இருந்தது என்று கேட்பார்கள், அதற்கு என்ன சொல்வது என்று பயந்து விட்டுவிட்டேன்.

ஆய்வு நடையைப் படிக்கவும் எழுதவும் எப்படிக் கற்றுக்கொண்டீர்கள், பிள்ளைகளுக்குப் பயன்படும்படி எழுதுங்கள் என்பது அவர் வேண்டுகோள். பயன்படுமா என்று தெரியாது. நடந்ததை எழுதுகிறேன். என் நெறியாளரின் பெயரைச் சொல்லப்போவதில்லை. அவர் நன்றாக இருக்கிறார், நான் பயந்தவள். பல்கலைக்கழகத்தின் பெயரும் வேண்டாம். எங்கள் ஊர் விருத்தாசலத்திலிருந்து காலையில் கிளம்பினால், ராத்திரி சோற்றுக்கு வீட்டுக்கு வந்துவிடலாம். அவ்வளவு தூரம் என்று வைத்துக்கொள்ளுங்கள்.

எட்டாவது முடித்த கோடையில், லீவுக்கு மட்டும் என்று சொல்லி என்னை ஒரு பீங்கான் பொம்மைக் கம்பெனிக்கு அனுப்பினார்கள். அந்த லீவு முடியவே இல்லை.

பீங்கான் பொம்மை இரண்டு பாதி அச்சில் வருகிறது. அச்சைச் சேர்த்துக் கட்டி, அடித்துளை வழியாகக் களிமண் கூழை ஊற்றுவார்கள். அச்சு தண்ணீரைக் குடித்து ஓரமாக மண் கெட்டியானதும் மிச்சக் கூழைக் கவிழ்த்துவிட்டால், உள்ளே ஒன்றுமில்லாத ஒரு பொம்மை நிற்கும். இரண்டு பாதியும் சேர்ந்த இடத்தில், உச்சந்தலையில் தொடங்கிக் காது, தோள், இடுப்பு வழியாகப் பாதம்வரை ஒரு கோடு மேடாக ஓடும். அதைச் சின்னக் கத்தியால் சீவி, ஈரப் பஞ்சால் தேய்த்து, அப்படி ஒன்று இருந்த அடையாளமே இல்லாமல் செய்வது பினிஷிங். அது பெண்கள் வேலை.

எங்கள் பினிஷிங் அறைக்குக் கனகா அக்கா பொறுப்பு. கண்ணை மூடிக்கொண்டு, கட்டைவிரல் நகத்தால் பொம்மையின் தலையிலிருந்து கால்வரை ஓர் இழு இழுப்பார். நகம் எங்கேயாவது தட்டினால் பொம்மை திரும்ப நம் மடிக்கு வரும். "கண்ணுக்குத் தெரியலன்னா போதாதுடி, நெகத்துக்குத் தெரியக் கூடாது" என்பார். சரியாகத் தேய்க்காமல் விட்ட கோடு, சூளையில் வெந்ததும் மெருகுக்கு அடியில் தழும்பு மாதிரி நிற்கும். பிறகு எதனாலும் மறைக்க முடியாது. ஆனால் பொம்மையின் உள்பக்கத்தை யாரும் தேய்ப்பதில்லை. அடித்துளையில் விரலை விட்டுத் தடவினால் அந்தக் கோடு அங்கே லேசாக இருக்கும். வாங்குகிறவர்கள் யார் விரலை விடப்போகிறார்கள்?

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவைக்கிறேன். நான் பிறவியிலேயே இடக்கைக்காரி. பள்ளிக்கூடத்தில் முட்டியில் ஸ்கேல் அடி வாங்கி வாங்கி எழுத்தை வலது கைக்கு மாற்றிக்கொண்டவள். கம்பெனியில் யாரும் என் கையைப் பார்க்கவில்லை, பொம்மையைத்தான் பார்த்தார்கள். அதனால் எழுதுவது வலது கை, சீவுவது இடது கை என்று இரண்டும் பாகம் பிரித்துக்கொண்டன.

கம்பெனி மூடிவிட்டால் என்ன செய்வது என்ற பயத்தில்தான் மறுபடியும் படிக்க ஆரம்பித்தேன். அறிவுத்தாகம் என்று எழுதினால் நன்றாக இருக்கும், பொய். தனித்தேர்வராகப் பத்தாவது, பன்னிரண்டாவது, பிறகு தபாலில் வரலாற்றில் பி.ஏ., எம்.ஏ. அந்த வருஷங்களைப் பற்றிச் சொல்ல அதிகமில்லை. கைடில் இருப்பதை ஒரு சொல் சிந்தாமல் விடைத்தாளில் இறக்கி வைத்தேன். அச்சில் ஊற்றிக் கவிழ்ப்பது மாதிரி. முதல் வகுப்பு கொடுத்தார்கள். எம்.ஃபில். முடித்தால் கல்லூரியில் வேலைக்குப் போகலாம் என்று அந்நாளில் சொன்னார்கள். என் வீட்டுக்காரர் சவரி, ரயில்வே ஜங்ஷன் வாசலில் ஆட்டோ ஓட்டுகிறவர். பல்கலைக்கழகத்துக்குப் போய் விண்ணப்பம் வாங்கி வந்தது அவர்தான். நான் போயிருந்தால் வாசலிலேயே திரும்பியிருப்பேன்.

பல்கலைக்கழகத்தில் சேர்ந்த பிறகுதான் எனக்குப் படிக்கத் தெரியாது என்பது தெரிந்தது. எழுத்துக் கூட்டத் தெரியும், மனப்பாடம் செய்யத் தெரியும். ஆனால் ஆய்வு நூல் ஒன்றைக் கையில் கொடுத்தால், அதில் யார் பேசுகிறார்கள் என்றே விளங்கவில்லை. "என்பது ஈண்டு நோக்கத்தக்கது" என்று வரும். நான் அந்த வரிக்கு மேலும் கீழும் பார்ப்பேன். நோக்க ஒன்றும் இருக்காது. ஒருநாள் சத்தமாகப் படித்துக்கொண்டிருந்தபோது சவரி, "எதத்தான் நோக்கணுமாம்?" என்று கேட்டார். எனக்குத் தெரியவில்லை என்றேன். "அவருக்கும் தெரியல போல" என்றுவிட்டுத் தூங்கப் போய்விட்டார்.

மெதுவாகப் பிடிபட்டது. "கருத இடமுண்டு" என்றால் ஆசிரியர் பார்க்கவில்லை. "எனலாம்" என்றால் யாராவது மறுத்தால் ஒதுங்கிக்கொள்ள வழி வைத்திருக்கிறார். "அறிஞர் பலர் கூறுவர்" என்றால் ஒருவர் கூறியிருக்கிறார், அவர் இவருடைய நண்பர். இதெல்லாம் புரியப் புரிய எனக்கு ஒரு நிம்மதி வந்தது. கேஸ் அடுப்பை அணைத்தேனா என்று தெருமுனையிலிருந்து திரும்பி வந்து பார்க்கிற ஆள் நான். எதையும் அடித்துச் சொல்லாமல், ஒவ்வொரு வாக்கியத்துக்கும் பின்பக்கமாக ஒரு கதவு வைத்து எழுதுகிற இந்த நடை என்னை மாதிரிப் பயந்தவர்களுக்கென்றே உண்டாக்கியது என்று நினைத்தேன். ஊரில் எனக்குக் கிடைக்காத உறவுக்காரர்கள் அங்கே இருப்பதுபோல் இருந்தது.

இப்போது என் நெறியாளரைப் பற்றி. குரல் உயர்த்தாதவர். எல்லாரையும் வாங்க, போங்க என்பார். அவர் அறையில் எதிர்நாற்காலியின் மேல் எப்போதும் புத்தகங்கள் அடுக்கியிருக்கும். அதனால் போகிறவர்கள் நிற்க வேண்டும். நாம் உள்ளே நுழைந்ததும் கைக்கடிகாரத்தைக் கழற்றி மேசைமேல் வைப்பார். அதன் பக்கம் திரும்பவே மாட்டார். நாம்தான் அதைப் பார்த்துக்கொண்டே பேச வேண்டியிருக்கும். எழுதிக் கொடுத்ததை வாங்கி வைத்துக்கொண்டு, ஒரு வாரம் கழித்துத் திருப்பித் தருவார். பக்கங்களில் பச்சை மையில் வட்டங்கள் இருக்கும். வட்டம் மட்டும்தான். பக்கத்தில் ஒரு சொல்லும் இருக்காது. வட்டத்துக்குள் என்ன தப்பு என்று நாமே கண்டுபிடிக்க வேண்டும். கேட்டால், "யோசிங்கம்மா, ஆய்வுன்னா அதானே" என்பார்.

நான் யோசித்தேன். பஸ்ஸில், ரேஷன் கடையில், கோவிலில் பூசை நடக்கும்போதெல்லாம் அந்த வட்டங்களைத்தான் யோசித்தேன். "இன்னைக்கி எத்தினி வட்டம்?" என்பது எங்கள் வீட்டில் குசலம் விசாரிப்பதாகவே ஆகிவிட்டது. ஒருதடவை ஒரு பக்கத்தின் நடுவில் பெரிதாக, பழுப்பு நிறத்தில் ஒரு வட்டம் இருந்தது. ஐந்து வரிகளைச் சுற்றிக்கொண்டிருந்தது. அந்த ஐந்து வரிகளையும் மூன்று விதமாக மாற்றி எழுதினேன். சவரி தாளை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்துவிட்டு, "லூர்து, இது டீ கிளாஸ் வச்ச தடம்" என்றார். சிரிக்கத் தோன்றவில்லை. மாற்றி எழுதிய பக்கத்தையே கொடுத்தேன். அதில் ஒரு பச்சை வட்டம் வந்தது.

குறிப்பெடுக்கும் முறையை மட்டும் அவர் ஒழுங்காகச் சொல்லிக்கொடுத்தார். அதை மறுக்கமாட்டேன். ஓர் அட்டையில் ஒரு செய்திதான். மேலே இடப்பக்கம் தலைப்பு, வலப்பக்கம் நூலின் பெயரும் பக்கமும். அட்டையின் பின்பக்கம் எழுதக் கூடாது. பின்பக்கம் எழுதியதை மனிதன் மறந்துவிடுவான் என்பார். என் ஆய்வுத் தலைப்பு விருத்தாசலம் பீங்கான் தொழிலில் பெண்களின் உழைப்பு. பொம்மை அடுக்கும் அட்டைப்பெட்டி ஒன்றில் வைக்கோலைக் கொட்டிவிட்டு அட்டைகளை அடுக்கி வைத்தேன்.

இரண்டாவது அத்தியாயம் தொழிலின் வரலாறு. நூல்களிலிருந்தும் அறிக்கைகளிலிருந்தும் எழுத வேண்டியது. அட்டைகளைத் தரையில் பரப்பி, எது எதோடு சேரும் என்று பார்த்துச் சேர்த்தேன். ஒருவர் எழுதிய வாக்கியத்துக்குப் பின்னால் இன்னொருவர் எழுதிய வாக்கியம். இடையில் மேடு தெரிந்த இடங்களில் "மேலும்", "இதனால்", "இவ்வாறாக" என்று போட்டுத் தேய்த்தேன். சொல்லை மாற்றினேன், முடிவை மாற்றினேன். திரும்பத் திரும்ப வாய்விட்டுப் படித்து, நாக்கு எங்கேயும் தட்டாதபடி ஆக்கினேன். எத்தனை பேர் எழுதியது அது என்று கனகா அக்காவின் நகத்துக்கே தெரியாது. என் வாழ்க்கையில் நான் எழுதியதில் எனக்குப் பெருமை தந்த முதல் எழுத்து அதுதான். நெறியாளர் அந்த அத்தியாயத்தில் ஒரு வட்டம்கூடப் போடாமல் திருப்பிக் கொடுத்தார். சவரி அன்று பிரியாணி வாங்கி வந்தார்.

ஆய்வேட்டை எழுதி முடிப்பதற்கு முன்னால், துறையில் எல்லாரும் கூடியிருக்க அதுவரை எழுதியதை முன்வைத்துப் பேச வேண்டும். துறைத்தலைவர் ஓர் அம்மா. கடுமையானவர், யாருக்கும் சலுகை காட்டாதவர். நான் படித்து முடித்ததும் என் இரண்டாவது அத்தியாயத்தில் ஒரு பக்கத்தைப் பிரித்து, "இது உங்க வரியா?" என்றார்.

"எழுதினது நான்தான் மேடம்."

"எழுதினது சரி. யோசிச்சது யாரு?"

அவர் தன் பக்கத்திலிருந்த ஒரு நூலைத் திறந்து ஒரு வாக்கியம் படித்தார், பிறகு என்னுடையதைப் படித்தார். வேறொரு நூலைத் திறந்தார், மறுபடியும் என்னுடையதைப் படித்தார். அப்படியே அந்தப் பத்தியை மேலிருந்து கீழ்வரை பிரித்துப் போட்டார். இதற்குப் பெயர் கருத்துத் திருட்டு என்றார். என்னைவிடப் பத்துப் பன்னிரண்டு வயது சின்னப் பிள்ளைகள் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். அவர்கள் எல்லாரும் என்னை அக்கா என்று கூப்பிடுகிறவர்கள்.

"கோடு தெரியக் கூடாதுன்னுதான் மேடம் தேய்ச்சன்" என்றேன்.

யாரோ சிரித்தார்கள். அப்போதுதான் என் நெறியாளர் வாயைத் திறந்தார். அவர் அந்த நூல்களையெல்லாம் படித்தவர். என் அத்தியாயத்தையும் படித்து, வட்டமில்லாமல் கொடுத்தவர். "எட்டாவதோட நின்னவங்க மேடம். பொம்மைக் கம்பெனியில இருந்து வந்திருக்காங்க. நாமதான் கொஞ்சம் பாத்துப் போவணும்" என்று மெதுவாகச் சொன்னார். அது எனக்குப் பரிந்து பேசியது என்று எல்லாரும் எடுத்துக்கொண்டார்கள். அன்று நானும் அப்படித்தான் எடுத்துக்கொண்டேன், நன்றிகூடச் சொன்னேன்.

அந்த அம்மாதான், கூட்டம் கலைந்த பிறகு, தாள்களை என்னிடம் திருப்பிக் கொடுத்தபடி ஒரு வார்த்தை சொன்னார். "இங்க கோடு தெரியணும்மா. எந்தப் பாதி யாரோடதுன்னு தெரியணும். அதுதான் வேல." நடந்தது துறையின் பதிவேட்டில் ஏறியது. பருவம் முடிவதற்குள் அத்தியாயத்தைத் திருத்திக் கொடுக்காவிட்டால் பதிவு ரத்து.

நான் தேய்த்ததையெல்லாம் நானே திரும்பக் கிளப்பினேன். ஒவ்வொரு வாக்கியமாக எடுத்து, அது எந்த அட்டையிலிருந்து வந்தது என்று தேடி, அப்படியே எடுத்ததை மேற்கோள் குறிக்குள் அடைத்து, சொன்னவர் பெயரைப் போட்டு, கீழே அடிக்குறிப்பில் நூலும் பக்கமும் கொடுத்தேன். அட்டை கிடைக்காத வாக்கியத்தை எடுத்துவிட்டேன். முடித்துப் பார்த்தபோது பக்கமெல்லாம் கோடும் எண்ணும் தழும்புமாக இருந்தது. கம்பெனியில் அப்படி ஒரு பொம்மையை யாரும் கையில் எடுக்கமாட்டார்கள். இங்கே இதுதான் சரி என்று ஏற்றுக்கொண்டார்கள். ஆய்வு நடை என்று நான் கற்றது இவ்வளவுதான்; மற்றதெல்லாம் அலங்காரம். இதைக் கற்க ஒரு மனுஷி திருடி என்று பெயர் எடுக்க வேண்டியிருந்தது. முதல் வருஷமே எதிர்நாற்காலியின் புத்தகங்களை இறக்கி வைத்துவிட்டு யாராவது ஒரு நிமிஷத்தில் சொல்லியிருக்கலாம்.

மூன்றாவது அத்தியாயம் பினிஷிங் வேலையைப் பற்றியது. அதற்கு நூல் கிடையாது. கனகா அக்காவிடமும் மற்ற பெண்களிடமும் கேட்டு எழுதிக்கொண்டேன், அவர்கள் பெயர் போட்டு. ஆனால் வேலையை எப்படிச் செய்கிறார்கள் என்ற பகுதிக்கு நான் யாரையும் கேட்கவில்லை. எனக்குத்தான் தெரியுமே. ஆய்வில் "நான்" என்று எழுதக் கூடாது என்பது விதி. அதனால் ராத்திரியில் கண்ணை மூடி, கையை அந்தரத்தில் அசைத்துப் பார்த்து, வலது கையில் பேனாவும் இடது கையில் இல்லாத கத்தியுமாக உட்கார்ந்து எழுதினேன்: பெண்கள் பொம்மையை வலக்கையில் ஏந்தி, இடக்கையில் பிடித்த கத்தியால் தலையிலிருந்து கால்நோக்கிச் சீவுகின்றனர்.

அதற்கு வட்டம் வரவில்லை. புறத்தேர்வாளரும் ஒன்றும் கேட்கவில்லை. பட்டம் கிடைத்தது.

கட்டுப்போட்ட ஆய்வேட்டைக் கம்பெனிக்கு எடுத்துப் போய், சாப்பாட்டு வேளையில் அந்த அத்தியாயத்தைப் படித்துக் காட்டினேன். தங்கள் பெயர் வந்த இடத்திலெல்லாம் ஒருத்தியை ஒருத்தி இடித்துக்கொண்டார்கள். அந்த வரி வந்ததும் கனகா அக்கா கையில் எடுத்த சோற்றோடு நின்றுவிட்டார்.

"இன்னொரு வாட்டி படிடி."

படித்தேன்.

"ஏண்டி, எல்லாரும் உன்ன மாரி பீச்சாங்கக்காரிங்களா? இந்த ரூமுல நீ ஒருத்திதான்டி அப்பிடி."

கூரை போகிற அளவுக்குச் சிரித்தார்கள். மறுநாளே பஸ் ஏறி நெறியாளரிடம் போய், ஒரு தப்பு நேர்ந்துவிட்டது, திருத்தம் கொடுக்க முடியுமா என்று கேட்டேன். அவர் கடிகாரத்தைக் கழற்றி வைத்தார். எந்த வரி என்றுகூடக் கேட்கவில்லை. "விடுங்கம்மா. நூலகத்துல இனிமே அதப் பூச்சிதான் படிக்கும்" என்றார். நானும் விட்டேன். மனசுக்குள் விடவில்லை; பல வருஷம் தூக்கத்தில் அந்தக் கத்தியைக் கை மாற்றிக்கொண்டிருந்தேன்.

பிறகு கௌரவ விரிவுரையாளர் வேலை. அதில் எவ்வளவு கௌரவம் இருக்கிறது என்று இந்த மலரைப் படிக்கிறவர்களுக்குச் சொல்ல வேண்டியதில்லை. நல்லூர்ப் பக்கத்திலிருந்தும் ஸ்ரீமுஷ்ணம் பக்கத்திலிருந்தும் பஸ் பிடித்து வருகிற பிள்ளைகளுக்கு, குறிப்பெடுப்பது எப்படி, மேற்கோள் போடுவது எப்படி என்று ஒவ்வொரு வருஷமும் முதல் வகுப்பிலேயே சொன்னேன். ஒவ்வொரு கோடையிலும், அடுத்த வருஷம் கூப்பிடுவார்களா என்று பயந்தேன். நிரந்தர வேலைக்கான விதி நான் நெருங்கும்போதெல்லாம் நகர்ந்தது. எம்.ஃபில். போதும் என்றார்கள், போதாது என்றார்கள், பிறகு அதுவே வேண்டாம் என்றார்கள்.

அப்படி ஒரு வருஷத்தில் எங்கள் கல்லூரி நூலகத்துக்கு என் நெறியாளரின் புதிய நூல் வந்தது. தடிமனான நூல், தமிழகத்துப் பெண்களின் உழைப்பைப் பற்றியது. முன்னுரையில், களப்பணியில் துணைநின்ற மாணவர்கள் பலருக்கும் நன்றி என்று ஒரு வரி. நான்காவது அத்தியாயம் விருத்தாசலம்.

நின்றுகொண்டே படித்தேன். நன்றாக இருந்தது. என் அடிக்குறிப்புகள் இல்லை. கனகா அக்கா தன் பெயரில் சொன்னதெல்லாம் "ஒரு பெண் தொழிலாளி" சொன்னதாக இருந்தது. வாக்கியங்கள் குட்டை நெட்டையாக இல்லாமல் ஒரே சீராக ஓடின. என்னுடையதுதானா, அல்லது எனக்குத்தான் அப்படித் தோன்றுகிறதா என்று சந்தேகம் வந்தது. எனக்கு எதிலும் சந்தேகம் வரும். நான் தேய்த்ததைவிட அவர் நன்றாகத் தேய்த்திருந்தார். நகம் எங்கேயும் தட்டவில்லை.

அப்புறம் அந்த வரி வந்தது. வலக்கையில் ஏந்தி, இடக்கையில் பிடித்த கத்தியால்.

அடித்துளையில் விரலை விட்டுத் தடவியது மாதிரி இருந்தது. அந்த அறையில் வேலை பார்த்த அத்தனை பெண்களிலும் அப்படிச் சீவியவள் ஒருத்திதான்.

அதோடு அவர் விட்டிருக்கவில்லை. அதன்மேல் மூன்று பக்கம் கட்டியிருந்தார். வலக்கை மேலானது, இடக்கை இழிந்தது என்று கருதும் சமூகத்தில், பெண்கள் தம் உழைப்பை இடக்கையால் செய்யப் பழக்கப்பட்டிருப்பது அவ்வுழைப்பின் இழிநிலையைச் சுட்டும் குறியீடு எனக் கருத இடமுண்டு என்று போனது. இந்த நூலின் தனிச்சிறப்பு அந்த மூன்று பக்கங்கள்தான் என்று பின்னட்டையில் ஒருவர் பாராட்டியிருந்தார். பிறகு வந்த கட்டுரைகளிலும் எடுத்தாண்டார்கள்.

சவரியிடம் சொன்னேன். கேஸ் போடுவோமா என்றார். என் ஆய்வேடு பல்கலைக்கழக நூலகத்தில் இருக்கிறது, எடுத்து வைத்து இரண்டையும் பார்த்தால் தெரிந்துவிடும் என்றேன். "அப்பறம் என்னா?" என்றார். அதே பல்கலைக்கழகத்தில் என் பெயருக்கு எதிராகத் திருட்டு என்று எழுதி வைத்திருக்கிறார்களே என்றேன்.

அடுத்த வருஷம் ஒரு கருத்தரங்கில் என் நெறியாளருக்குப் பொன்னாடை போர்த்தினார்கள். சாப்பாட்டுப் பந்திக்கு வெளியே, கை கழுவுகிற இடத்தில் அவர் எதிரில் போய் நின்றேன். அதற்கு எனக்குக் காலையிலிருந்து நேரம் பிடித்தது.

"வாங்கம்மா லூர்து. நல்லாயிருக்கீங்களா?"

"சார், உங்க புத்தகத்துல அந்த இடது கை..."

"நல்ல அவதானிப்பும்மா அது. எல்லாரும் அதத்தான் சொல்றாங்க."

"அது தப்பு சார். அங்க எல்லாரும் வலது கையாலதான் சீவுவாங்க."

அவர் கையைத் துடைத்துக்கொண்டே யோசித்தார். கோபமே இல்லை. "களத்துல பாத்தது எப்படிம்மா தப்பாவும்?"

"யாரு சார் பாத்தது?"

நான் அவரிடம் கேட்ட ஒரே கேள்வி அதுதான். அவர் கைக்குட்டையை நான்காக மடித்துப் பையில் வைத்தார். பிறகு என் பக்கம் கொஞ்சம் குனிந்து, அக்கறையான குரலில், "உங்க ரெண்டாவது அத்தியாயத்த டிபார்ட்மென்ட்ல யாரும் மறக்கலம்மா. நான்தான் அப்ப பேசி வச்சேன்" என்றார். "இந்த வாட்டி இன்டர்வியூ போர்டுல நான் இருக்கன். வருவீங்கள்ல?"

வருவேன் என்றேன். போனேன். போர்டில் அவர் புன்னகையோடு, விருத்தாசலத்தில் எல்லாரும் சௌக்கியமா என்று மட்டும் கேட்டார். அந்த நிரந்தர வேலை வேறொருவருக்குப் போனது. நான் வாயை மூடிக்கொண்டதற்குக் கூலியாக எதுவும் கிடைக்கவில்லை என்பதையும் எழுதிவிடுகிறேன், யாரும் வேறு மாதிரி நினைத்துக்கொள்ள வேண்டாம்.

கனகா அக்காவிடம் அந்த மூன்று பக்கங்களையும் படித்துக் காட்டினேன். அக்கா அப்போது வேலையை விட்டு வீட்டோடு இருந்தார், மூச்சிரைப்பு. தன் பெயர் எங்கே என்றுதான் முதலில் கேட்டார். இல்லை என்றேன். அக்கா தன் வலது கையைத் தூக்கித் திருப்பித் திருப்பிப் பார்த்துவிட்டு, "அப்ப ஊரு ஒலகம் பூரா நாங்கல்லாம் பீச்சாங்கக்காரிங்கன்னு நம்பிடுச்சா?" என்று சிரித்தார். சிரிப்பு இருமலில் போய் முடிந்தது. இப்போது அக்கா இல்லை.

நான் ஓய்வு பெறுவதற்கு முந்தைய வாரம், மூன்றாம் வருஷத்து மாணவி ஒருத்தி தன் திட்டக் கட்டுரையைக் கையெழுத்துக்குக் கொண்டுவந்தாள். சொந்த ஊர்த் தொழிலைப் பற்றி எழுதச் சொல்லியிருந்தோம். அவள் பீங்கான் தொழிலை எடுத்திருந்தாள். அவளுடைய அம்மாவும் ஒரு கம்பெனியில் பினிஷிங்தான். நாற்காலியில் உட்காரச் சொல்லிவிட்டுப் படித்தேன். நடுவில் அந்த வரி இருந்தது. நான் வகுப்பில் சொன்னபடியே, அப்படியே எடுத்ததை மேற்கோள் குறிக்குள் அடைத்து, என் நெறியாளர் பெயரைப் போட்டு, கீழே நூலும் பக்கமும் கொடுத்திருந்தாள். கோடு தெளிவாகத் தெரிந்தது.

உன் அம்மா எந்தக் கையால் சீவுவார் என்று கேட்டேன். அவள் நெற்றியைச் சுருக்கி யோசித்தாள். "வலது கைதான் மேடம். ஆனா புக்குல இப்பிடித்தான் போட்டிருக்குது. நான் எங்கம்மாவ எப்பிடி மேடம் அடிக்குறிப்புல போடறது?"

போடலாம் என்று சொல்லியிருக்க வேண்டும். அதைச் சொன்னால் அடுத்த கேள்வி வரும், அதற்குப் பதில் சொன்னால் அதற்கடுத்தது வரும், கடைசியில் ஒரு பெயர் வரும். ஓய்வுக்கு இன்னும் நாள் இருந்தது. அதற்குக் கொடுக்க வேண்டிய தாள்களில் யார் யார் கையெழுத்தெல்லாமோ வேண்டியிருந்தது.

மேற்கோள் சரியாக இருந்தது. அடிக்குறிப்பில் பக்க எண் மட்டும் ஒன்று தள்ளியிருந்தது. புத்தகத்தைத் திறந்து பார்க்காமலே திருத்தி, கையெழுத்துப் போட்டுக் கொடுத்தேன்.